கம்பி போக வேண்டிய இடம்

நம் வயதுக்காரர்கள் நாலு பேர் கூடினால், பேச்சு எங்கே சுற்றினாலும் கடைசியில் ஒரே இடத்தில் வந்து உட்காருகிறது. "அந்தக் காலத்துல அக்கம்பக்கம் எம்புட்டு ஒத்துமையா இருந்தோம்!" உடனே நீங்கள் எல்லாரும் தலையாட்டுகிறீர்கள். நான் ஆட்ட மாட்டேன். எங்கள் முடுக்கில் அப்படி ஒன்றும் இருந்ததாக எனக்கு ஞாபகம் இல்லை. சண்டைதான் இருந்தது. அந்தச் சண்டை இல்லாவிட்டால் எங்கள் வீட்டுக்கு விளக்கே வந்திருக்காது. நடந்ததை நடந்தபடி சொல்கிறேன். பூசி மெழுகிச் சொல்ல எனக்கு இனிமேல் வயசில்லை.

எங்கள் வீடு மதுரையில் தெற்குவாசல் பக்கம், ஒரு முடுக்குச் சந்துக்குள். நுழைந்ததும் முன்வீடு. அதைத் தாண்டினால் ஒரு காலியிடம். ஒரு ஒற்றைமாட்டு வண்டியைத் திருப்பி நிறுத்தலாம், அம்புட்டுதான். அதற்குப் பின்னால் ஓட்டுச் சாய்ப்போடு எங்கள் வீடு. நாங்கள் போகவர ஓரமாக ஒரு நடை உண்டு. அதை யாரும் கேள்வி கேட்டதில்லை. தகராறெல்லாம் காலியிடத்தைப் பற்றித்தான். அது எங்கள் மனையின் முன்பாகம் என்று எங்கள் வீட்டில் சொன்னார்கள். அது தங்கள் மனையின் பின்பாகம் என்று முன்வீட்டில் சொன்னார்கள். எனக்கு முன்பே பிறந்துவிட்ட தகராறு அது. அதனால் அங்கே யாரும் எதுவும் கட்டவில்லை, நடவில்லை. உடைந்த ஓடுகள், ஒரு கால் போன கட்டில், மழை பெய்தால் முளைக்கிற குப்பைமேனி, இவை மட்டும் பயமில்லாமல் குடியிருந்தன. பிள்ளைகளுக்கு அது பாண்டி ஆடுகிற இடம். முன்வீட்டுப் பிள்ளைகளும் நாங்களும் ஒரே கட்டத்தில்தான் நொண்டியடித்தோம். சொந்தக்காரர் யார் என்று கட்டம் கேட்டதில்லை.

முன்வீட்டுக்காரருக்குப் பித்தளைக்கடை. அவர் முடுக்கில் வந்தால் அத்தர் வாசனை முதலில் வரும், அப்புறம் செருப்புச் சத்தம், அப்புறம் அவர். நான் பள்ளிவாசலில் குர்ஆன் ஓதப் போகத் தொடங்கிய வருஷம் அவர் வீட்டின்மேல் மாடி எழுப்பினார். எங்கள் முற்றத்தில் வெயில் விழுவது அதோடு நின்றுபோனது. லுஹர் பாங்கு சொல்கிற உச்சி நேரத்தில்கூட எங்கள் அம்மா தையல் மிஷினுக்குப் பக்கத்தில் சிம்னி விளக்கை ஏற்றி வைத்துக்கொண்டுதான் தைத்தாள்.

அப்பாவை நாங்கள் அத்தா என்போம். அத்தா ஒரு ஜவுளிக்கடையில் துணி விரித்துக் காட்டுகிற வேலை பார்த்தார். அம்மாவுக்குத் தையல். தெருப் பெண்கள் ஆண் டெய்லரிடம் அளவு கொடுக்க மாட்டார்கள். எல்லா ரவிக்கையும் பாவாடையும் எங்கள் இருட்டு வீட்டுக்குத்தான் வந்தன. வெள்ளைத் துணி தைத்தால் புகைக்கரி விழுந்துவிடும் என்று அம்மா மடியில் ஒரு பழைய கைலியை விரித்துக்கொள்வாள். இரவு சோறு தின்னும்போது எங்கள் எல்லாருடைய மூக்கு ஓட்டையிலும் கரி இருக்கும். அதைப் பார்த்து நாங்களே சிரித்துக்கொள்வோம். புதுத்துணியின் கஞ்சி மணமும் மண்ணெண்ணெய் மணமும் கலந்த அந்தக் காற்று எனக்கு இன்றைக்கும் பிடிக்காது. இருந்தாலும் அதுதான் என் அம்மாவின் மணம்.

அந்த வருஷம் ஐப்பசி மழை விடாமல் பிடித்துக்கொண்டது. என் அக்கா அப்போது பாவாடை தாவணிக்கு வந்த புதுசு. பகல் நேரம்தான், ஆனாலும் உள்ளே கண் தெரியாத இருட்டு. விளக்கருகே குனிந்து ஒரு கல்யாணப் பெண்ணின் பட்டு ரவிக்கைக்கு ஓரம் அடித்துக்கொண்டிருந்தாள். ஓட்டில் எங்கோ ஒழுக்கு. ஒரு சொட்டுத் தண்ணீர் நேராக வந்து, சூடேறிக் கிடந்த சிம்னிக் கண்ணாடிமேல் விழுந்தது, கண்ணாடி வெடித்தது. சத்தம் பெரிதாக ஒன்றுமில்லை. யாரோ முட்டையை உடைத்த மாதிரி இருந்தது. அக்கா திடுக்கிட்டுக் கையை உதறினாள், விளக்கு அவள் பக்கமாகச் சாய்ந்தது. எண்ணெய் அவள் கையில் வழிந்தது. தீயும் கூடவே வழிந்தது.

அம்மா பக்கத்தில் கிடந்த துணியை எடுத்து அந்தக் கையைச் சுற்றி அமுக்கினாள். அது அந்தக் கல்யாணப் பெண்ணின் மிச்சப் பட்டு. தீ அணைந்தது. மணிக்கட்டிலிருந்து முழங்கை வரைக்கும் தோல் போய்விட்டது. அக்கா கத்தவே இல்லை. "பட்டு வீணாப் போச்சேம்மா" என்றுதான் சொன்னாள். அதைக் கேட்ட பிறகுதான் அம்மா அழுதாள்.

ஆஸ்பத்திரியில் மருந்து வைத்துக் கட்டி அனுப்பினார்கள். ஜட்கா வண்டியிலிருந்து அக்காவை இறக்கிப் படுக்க வைத்துவிட்டு, அம்மா மண்ணெண்ணெய்ப் புட்டியை எடுத்துக்கொண்டு போய்ச் சாக்கடையில் கவிழ்த்தாள். துளிகூட மிச்சம் வைக்கவில்லை. திரும்பி வந்து அத்தாவிடம் சொன்னாள்.

"கரண்டு வரணும். வராம இந்த வீட்டுக்குள்ள இனிமே ஊசியில நூல் கோக்க மாட்டேன்."

"அதுக்கு அந்த இடம்…" என்று அத்தா இழுத்தார்.

"அந்த இடம் எங்கயும் போகல. அங்கதான் கிடக்கு."

எங்கள் தெருவில் அப்போது நாலைந்து வீட்டில்தான் கரண்டு இருந்தது. முன்வீட்டில் உண்டு. சாயங்காலமானால் அவர்கள் மாடி ஜன்னல் மஞ்சளாகத் தெரியும். முடுக்கு முனையில் கரண்டுக் கம்பெனியின் கம்பம் நின்றது. எங்கள் வீட்டுக்கு அங்கிருந்து கம்பி வர வேண்டுமானால் காலியிடத்தைத் தாண்டித்தான் வர வேண்டும். அத்தா கம்பெனியில் போய்ச் சொல்லிவிட்டு வந்தார். ஓவர்சியர் வந்தார். காக்கி அரைக்கால்சட்டை, தலையில் தொப்பி, சைக்கிள். கம்பத்தையும் எங்கள் ஓட்டுக் கூரையையும் மாறி மாறிப் பார்த்தார்.

"நடுவுல ஒரு இரும்புக் கம்பம் நடணும். இந்தக் காலியிடம் யாருது?"

"எங்க இடம்" என்றாள் அம்மா, கதவுக்குப் பின்னாலிருந்து.

"என் இடம்" என்றார் முன்வீட்டுக்காரர், மாடியிலிருந்து.

இரண்டும் ஒரே நேரத்தில் வந்தன. ஓவர்சியர் தொப்பியைக் கழற்றி நெற்றியைத் துடைத்தார். "ரெண்டு பேரும் சொந்தங்கிற இடத்துல நான் குழி தோண்டினா, நாளைக்கு ரெண்டு பேருமே என்மேல பிராது குடுப்பீக. இடம் யாருதுன்னு தீத்துக்கிட்டுக் கூப்பிடுங்க. இல்ல, ரெண்டு பேரும் கம்பி போகட்டும்னு சொல்லுங்க. எனக்கு எதுன்னாலும் சம்மதம்."

முன்வீட்டுக்காரர் இறங்கி வந்தார். பேச்சு வெல்லமாக இருந்தது. "நான் என்ன, இருட்டுல கிடங்கன்னா சொல்லுறேன்? கம்பி தாராளமாப் போகட்டும். ஒரே ஒரு வார்த்தை. இது எங்க இடம் இல்லை, உங்க இடந்தான்னு நாலு பேர் முன்னால இவர் சொல்லிரட்டும். போதும்."

அத்தா காலியிடத்தைப் பார்த்தார். வீட்டைப் பார்த்தார். "யோசிச்சுச் சொல்லுறோம்ணே" என்றார்.

"யோசிக்க ஒண்ணுமில்ல" என்றது கதவு.

அந்தப் பதிலுக்காக அத்தாவின்மேல் எனக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமல்ல. அக்காவின் கைக்கட்டைப் பார்த்துக்கொண்டே யோசிக்கிறேன் என்று சொல்கிறாரே, இவர் என்ன மனுஷர் என்று நினைத்தேன். கோழை என்று முடிவு கட்டிவிட்டேன். அந்த வயசில் முடிவு கட்ட நேரமே ஆகாது.

அம்மாவும் ஒரு முடிவு கட்டியிருந்தாள். முன்வீட்டுச் சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து சதா ஒரு சத்தம் வரும். ணங், ணங் என்று வெற்றிலை இடிக்கிற சத்தம். முன்வீட்டுக்காரரின் மனைவி, எங்களுக்கு மாமி, இடிப்பது. மாமி வெளியே வந்து நான் பார்த்ததே இல்லை. அந்தச் சத்தத்தை வைத்து மாமியை ஒரு மலை மாதிரி நினைத்து வைத்திருந்தேன். அம்மா பல்லைக் கடித்துக்கொண்டு சொல்வாள்: "அந்த மனுசனுக்கு இம்புட்டு மூளை ஏது? எல்லாம் உள்ள உக்காந்து இந்தப் பொம்பளை இடிக்கிற இடி." நாங்களும் நம்பினோம். அந்தச் சத்தம் கேட்டாலே நானும் பல்லைக் கடித்தேன்.

அத்தா போய்த் தெருப் பெரியவர்களிடம் சொன்னார். நாலு பேர் வந்தார்கள். முன்வீட்டில் உட்கார்ந்து சர்பத் குடித்தார்கள். பிறகு காலியிடத்தின் ஓரத்தில் நின்று, அதில் என்னவோ எழுதியிருக்கிற மாதிரி உற்றுப் பார்த்தார்கள். தீர்ப்பு வந்தது. விஷயம் தீருகிற வரைக்கும் இரண்டு வீட்டாரும் அந்த இடத்தில் கால் வைக்கக் கூடாது. கம்பி பேச்சும் அதுவரைக்கும் வேண்டாம்.

"எப்பத் தீரும் பெரியத்தா?" என்று அம்மா கதவுக்குப் பின்னாலிருந்து கேட்டாள்.

அவர்களில் மூத்தவர், தாடி நெஞ்சுவரை வழிந்தவர், "பொறுமையா இரும்மா. அல்லா லேசாக்குவான். இத்தனை காலமும் விளக்குலதானே தைச்சீக?" என்றார்.

அவர் நல்ல மனிதர்தான். அக்காவுக்காக ஓதிக்கூட ஊதினார். ஆனால் அந்தக் கையைப் பார்த்த பிறகும் அவர் வாயிலிருந்து அப்படி ஒரு கேள்வி வந்தது. கதவு சாத்துகிற சத்தம் மட்டும் கேட்டது.

மறுநாள் காலையில் மழை வெறித்து வெயில் வந்தது. அத்தா கடைக்குக் கிளம்பச் சட்டையை மாட்டிக்கொண்டிருந்தார். அம்மா வெள்ளைத் துப்பட்டியை எடுத்துத் தலையோடு போர்த்திக்கொண்டு வந்து நின்றாள்.

"மிஷினைத் தூக்கிட்டு வாங்க."

"எங்க?"

"வெளியில. காலியிடத்துக்கு."

"கால் வைக்கக் கூடாதுன்னு பெரியவங்க சொல்லியிருக்காக."

"கால் எங்க வைக்கிறேன்? உக்காரத்தானே போறேன்."

அத்தா எவ்வளவோ சொன்னார். ஊர் பேசும் என்றார். கோஷாப் பொம்பளை என்றார். விட்டுவிடு, வேற வீடு பார்க்கலாம் என்றார். அம்மா துப்பட்டியைச் சரிசெய்துகொண்டு நின்ற இடத்திலேயே நின்றாள். கடைசியில் அத்தா சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினார். இரும்புக் காலோடு கனமான மிஷின் அது. ஒல்லி உடம்பு அவருக்கு. நெஞ்சோடு அணைத்துத் தூக்கி, படிதாண்டி, காலியிடத்தின் நட்ட நடுவில் கொண்டுபோய் வைத்தார். உடைந்த ஓட்டுத்துண்டை எடுத்து ஒரு காலுக்கு அண்டை கொடுத்தார். மறுபடி சட்டையைப் போட்டுக்கொண்டு கடைக்குப் போனார். சாயங்காலம் வந்து திரும்பத் தூக்கி உள்ளே வைத்தார். தினமும் காலையில் விட்டுவிடு என்பார், சொல்லிக்கொண்டே தூக்குவார். வெயில் ஏறின நாட்களில் தன் வேட்டியை நாலு கம்பில் கட்டி நிழல் போட்டுவிட்டுப் போவார். வெளியே காட்டிக்கொள்ளாத ஒரு தைரியம் அவரிடம் இருந்தது என்பது அவர் காலமான பிறகுதான் எனக்கு உறைத்தது.

அம்மா வெயிலில் உட்கார்ந்து தைத்தாள். பக்கத்தில் ஒற்றைக்கால் இழந்த கட்டிலைச் சுவரோடு சாய்த்து, அதில் அக்காவை உட்கார வைத்தாள். நான் ஊசிக்கு நூல் கோத்துக் கொடுத்தேன். முன்வீட்டு ஜன்னல்கள் ஒவ்வொன்றாகத் திறந்தன, ஒவ்வொன்றாகச் சாத்தின. மிஷினின் கடகட சத்தம் முதல்முதலாக முடுக்கு முழுக்கக் கேட்டது.

தாடிப் பெரியவர் அன்றைக்கே வந்துவிட்டார். முகத்தை வேறு பக்கம் திருப்பிக்கொண்டு பேசினார்.

"என்னம்மா இது? கோஷாவுல இருக்க வேண்டிய பொம்பளை தெருவுல உக்காந்து தைக்கிறது?"

அம்மா மிதிப்பதை நிறுத்தவில்லை. "தெருவா? இது எங்க இடம் பெரியத்தா. எங்க இடத்துக்குள்ளதான் உக்காந்திருக்கேன்."

"அதைத்தானே யாருதுன்னு தீரலைங்கிறோம்."

"சரி. தெருதான்னு நீங்க சொன்னா நான் உள்ள போயிருறேன். அப்ப முன்வீட்டுக்காரருக்கும் இது சொந்தமில்லைன்னு ஆயிருது. கம்பெனி தெருவுல கம்பம் நட்டுக்கிரும். தெருன்னு சொல்லுறீகளா?"

தெரு என்றால் கம்பம் வரும். தெரு இல்லை என்றால் அம்மா இருப்பதில் குற்றமில்லை. பெரியவர் தாடியைத் தடவிக்கொண்டே, "உச்சி வெயில்ல பிள்ளையை உக்கார வைக்காதே" என்று அக்காவைக் காட்டிச் சொல்லிவிட்டுப் போனார்.

முன்வீட்டுக்காரர் வேறு வழி பார்த்தார். ஒரு நாள் காலையில் இரண்டு கிடாக்களைக் கொண்டுவந்து காலியிடத்தில் கட்டினார். நல்ல கொம்புக் கிடாக்கள். அம்மா பக்கம் முறைத்து முறைத்துத் தரையைச் சுரண்டின. அக்கா பயந்துபோய்க் கட்டிலோடு ஒட்டிக்கொண்டாள். அம்மா மிஷினைக் கிடாவின் கயிறு எட்டாத தூரத்துக்குச் சரியாக நகர்த்திப் போட்டுவிட்டு, "அவரு கால் வைக்கல, ஆடுதானே வச்சிருக்கு" என்றாள். பள்ளிவாசல் பக்கத்து வீட்டிலிருந்து நான் அகத்திக்கீரை கொண்டுவந்து போட்டேன். இரண்டு நாளில் இரண்டும் என்னைக் கண்டால் கத்த ஆரம்பித்தன. அதில் ஒன்று வேட்டி நிழலுக்குள் வந்து மிஷின் காலடியில் படுத்துக்கொண்டது. அம்மா ரவிக்கைக் கைக்கு வெட்டி வைத்திருந்த தாள் அளவை ஒரு மத்தியானம் அது தின்றுவிட்டது. முன்வீட்டுக்காரர் வந்து கிடாவின் காதைப் பிடித்துத் திட்டிக்கொண்டே இரண்டையும் அவிழ்த்துக்கொண்டு போனார். நான் அழுதேன். கிடாக்களுக்காகத்தான்.

இதற்கிடையில் ஒரு விஷயம் நடந்தது. வெயிலில் வைத்துப் பார்த்த தையல் அழகாக இருந்தது. முடுக்கு வழியாகப் போகிற பெண்கள் நின்று பார்த்தார்கள். "இம்புட்டு நைசா அடிக்கிறியே" என்று துணியைக் கையில் வாங்கிப் பார்த்தார்கள். பிறகு துணி கொண்டுவந்தார்கள். பிறகு உட்கார்ந்து பேசினார்கள். யாரும் கால் வைக்கக் கூடாத இடத்தில் தினமும் நாலைந்து பெண்கள் சம்மணம் போட்டிருந்தார்கள். மாடி ஜன்னலில் ஒன்று மட்டும் எப்போதும் ஒரு விரல்கடை திறந்தே இருந்தது. வெற்றிலை இடிக்கிற சத்தம் அந்த நாட்களில் குறைந்திருந்ததை நான் கவனித்தேன். அம்மா கவனிக்கவில்லை.

கார்த்திகை பிறந்திருந்தது. தெருவில் வேறொரு வீட்டுக்குக் கம்பி இழுக்க ஆட்கள் வந்திருந்தார்கள். அதே ஓவர்சியர். அம்மா என்னை அனுப்பவில்லை, அத்தாவுக்காகக் காத்திருக்கவில்லை. காலியிடத்திலிருந்து எழுந்து முடுக்கு முனைக்குப் போய், "சார், இங்கிட்டு வந்துட்டுப் போங்க" என்று தானே கூப்பிட்டாள். அவள் தெருவைச் சேராத ஒரு ஆணிடம் கதவில்லாமல் பேசியது அதுதான் முதல் தடவை என்று நினைக்கிறேன்.

ஓவர்சியர் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு வந்தார். அத்தாவும் சாப்பாட்டுக்கு வந்திருந்தார். சத்தம் கேட்டு முன்வீட்டுக்காரர் வந்துவிட்டார். இந்தத் தடவை பேச்சில் வெல்லம் இல்லை. கூட்டம் சேர்ந்தது.

"எத்தனை தடவைய்யா சொல்லுறது? இது என் இடம். அந்தா நிக்கிறது என் வீடு. என் வீடு, என் மனை, என் இடம். நான் சொல்லாம இங்க ஒரு ஆணி இறங்காது!"

முன்வீட்டின் பின்கதவு திறந்தது.

அந்தக் கதவு திறந்து நான் பார்த்ததே இல்லை. ஒரு சின்ன உருவம் வெளியே வந்தது. என் அக்கா உயரம்கூட இருக்காது. வெள்ளைத் துப்பட்டி, செருப்பில்லாத கால், வெற்றிலையால் சிவந்த வாய். இதுவா மாமி! மாமி கூட்டத்தை ஒரு சுற்றுப் பார்த்துவிட்டுப் புருஷனிடம் வந்து நின்றார்.

"யாரு வீடு?"

முன்வீட்டுக்காரர், "நீ உள்ள போ" என்றார்.

"போறேன். யாரு வீடுன்னு சொல்லுங்க, போறேன். கட்டினது எங்கத்தா. எனக்குன்னு குடுத்தது எங்கத்தா. நீங்க ஒரு தகரப்பெட்டியோட இந்த வாசல்ல வந்து இறங்குனீக. இருங்க, சந்தோசமா இருங்கன்னு நான்தான் சொன்னேன். என் வீடு என் வீடுன்னு ஊரைக் கூட்டிக் கத்துறீகளே, ஒரு தடவையாச்சும் என் பொண்டாட்டி வீடுன்னு வாயில வந்துச்சா?"

கூட்டத்தில் வயதானவர்கள் சிலர் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். அவர் வீட்டோடு வந்த மாப்பிள்ளை என்பது அவர்களுக்கெல்லாம் தெரியும். பித்தளைக்கடை பெரிதாகப் பெரிதாக அது மறந்துபோயிருந்தது. முன்வீட்டுக்காரர் தரையைப் பார்த்தார்.

ஓவர்சியர் மாமி பக்கம் திரும்பினார். "அப்ப நீங்க சொல்லுங்கம்மா. கம்பி போகட்டுமா?"

மாமி மிஷினைப் பார்த்தார். அக்காவின் கையைப் பார்த்தார். கட்டு அவிழ்த்த கை, புதுத்தோல் இளஞ்சிவப்பாக மினுமினுத்தது. பிறகு அம்மாவைப் பார்த்தார்.

"போகட்டும். ஆனா என் இடத்துமேலதான் போகுதுன்னு இவ சொல்லணும்."

எல்லாரும் அம்மாவைப் பார்த்தார்கள். ஒரு வார்த்தை. ஓவர்சியர் ஆட்கள் தெருவில் நிற்கிறார்கள், கம்பி நிற்கிறது, கம்பம் நிற்கிறது. அத்தா கிட்டே வந்து மெல்ல, "சொல்லிரு" என்றார். "பிள்ளை கையைப் பாரு. சொல்லிரு." பக்கத்தில் நின்ற பெண்களும், "சொல்லிரு புள்ள, வாய்வார்த்தைதானே" என்றார்கள். எனக்கும் அம்மா சொல்லிவிட வேண்டும் என்றிருந்தது. மஞ்சள் வெளிச்சம் நம் வீட்டுக்கும் வந்துவிடும் என்று மனசு அடித்துக்கொண்டது.

அம்மாவின் கண்ணில் தண்ணீர் நின்றது. ஆனால் குரல் இறங்கவில்லை.

"சொல்ல மாட்டேன். இது எங்க இடம்."

ஓவர்சியர் பெருமூச்சு விட்டு சைக்கிள் பக்கம் திரும்பினார். அத்தா தலையில் கைவைத்துக்கொண்டார்.

மாமி அம்மாவையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு பக்கவாட்டில் திரும்பி வெற்றிலையைத் துப்பிவிட்டு வாயைத் துடைத்துக்கொண்டார்.

"நீ சொல்லியிருந்தா கம்பியும் கிடையாது, ஒண்ணும் கிடையாதுன்னு உள்ள போயிருப்பேன். நானா இருந்தாலும் சொல்ல மாட்டேன். சார், எங்க போறீக? நடுங்க கம்பத்தை."

"அம்மா, இடம் யாருதுன்னு இன்னும்…"

"என்னுது. அவளைக் கேட்டா அவளுதும்பா. ரெண்டு பேரும் சேந்துதான் கம்பி போகட்டுங்கிறோம். வேற யாராச்சும் மூணாவதா இருக்காகளா?"

ஓவர்சியர் முன்வீட்டுக்காரரைப் பார்த்தார். அவர் செருப்பை மாட்டிக்கொண்டு கடைக்குப் போனார். அத்தர் வாசனை மட்டும் சற்று நேரம் முடுக்கில் நின்றது.

கம்பம் நட்டார்கள். குழி தோண்டினபோது எங்கள் பாண்டிக் கட்டம் போனது. வீட்டுக்குள் தேக்குப் பட்டி அடித்து, அதற்குள் வயரை ஓட்டினார்கள். வார்னிஷ் வாசனை நாலு நாள் இருந்தது. சுவரில் கறுப்பாக ஒரு உருண்டை சுவிட்ச், அதற்குப் பித்தளைக் குமிழ். அந்தச் சுவிட்ச் இப்போது எங்கே போனதோ தெரியாது. வீடு கைமாறியபோது யாரும் அதைக் கேட்டு வாங்க நினைக்கவில்லை. அதைத் தள்ளினால் கழுத்தில் சொடக்கு எடுத்த மாதிரி ஒரு சத்தம் வரும்.

முதல்தடவை அம்மாதான் தள்ளினாள். அத்தா பிஸ்மி சொன்னார். வெளிச்சம் வந்ததும் நாங்கள் கத்தினோம், அக்கா கண்ணை மூடிக்கொண்டாள். அம்மா மட்டும் சுற்றிலும் சுவரைப் பார்த்தாள். கரி, ஒட்டடை, கைத்தடம், எண்ணெய்ப் பிசுக்கு, எல்லாம் தெரிந்தது. "இம்புட்டு அழுக்குலயா இருந்தோம்?" என்று கோபமாகக் கேட்டாள். மறுநாளே சுண்ணாம்பு வாங்கிவரச் சொன்னாள். அக்காவின் வடு அந்த வெளிச்சத்தில் இன்னும் நன்றாகத் தெரிந்தது. அது கடைசிவரைக்கும் மறையவில்லை. மாப்பிள்ளை வீட்டார் கேட்டபோதெல்லாம் அவள் அதை மறைக்கவில்லை, கையை நீட்டியே காட்டினாள்.

மாமியைப் பற்றித் தான் நினைத்தது தப்பு என்று அம்மா ஒருநாளும் வாய்விட்டுச் சொன்னதில்லை. இத்தனை வருஷமும் சுவருக்கு அந்தப் பக்கம் வெற்றிலை இடித்தவர், தன் வீட்டிலேயே தன் பேச்சை யாரும் கேட்காமல்தான் இடித்தார் என்று எனக்கு இப்போது தோன்றுகிறது. அந்த இடத்துக்கு இன்றைக்கு வரைக்கும் தீர்ப்பு இல்லை. அதைப் பற்றி எனக்கு வருத்தமும் இல்லை.

வெள்ளையடித்து முடித்த வாரம் ஒரு மத்தியானம், மாமி காலியிடத்தைக் குறுக்காகக் கடந்து எங்கள் வீட்டுக்குள் வந்தார். கையில் பூப்போட்ட ரவிக்கைத் துணி. பல்புக்கு நேர் கீழே போய் நின்று அண்ணாந்து பார்த்தார். பிறகு அம்மாவிடம் துணியைக் கொடுத்துவிட்டு, "விளக்கு எரியுதுங்கறதுக்காக எல்லாம் ஆச்சுன்னு நினைச்சுக்காத. இடம் எனக்குத்தான்" என்றார்.

"உங்களுக்கு எப்படி வரும்? எங்க மாமனார் வாங்குன மனை அது."

"உங்க மாமனார் வாங்குறப்ப நான் பாவாடை கட்டிக்கிட்டு அங்கதான் விளையாடுனேன். எங்கத்தா வேலி போட்டிருந்தாரு."

"வேலி போட்டா சொந்தமாயிருமா அக்கா? வழக்கை நாளைக்கு வச்சுக்குவோம்" என்றாள் அம்மா. "இப்பக் கையைத் தூக்குங்க, அளவெடுக்கணும்."